கேட்டு வாங்க வேண்டிய குரல்

அத்தியாயம் 11

போன அத்தியாயத்தில் தம்பியைக் கூப்பிடலாம் என்று தொலைபேசியைக் கையில் எடுத்து, எண்ணைச் சுழற்றாமலேயே திரும்ப வைத்துவிட்டுப் படுக்கப் போனாளே ஒதீல், அவள் அன்று ராத்திரி சரியாகத் தூங்கவில்லை. தூங்கியிருந்தால்தான் ஆச்சரியம்.

மனசில் இரண்டு விஷயம் கிடந்து அரித்தது. ஒன்று, திங்கட்கிழமை காலையில் அப்பா அன்செல்ம் வாலியேயின் குரல்வளையை டாக்டர்கள் எடுத்துவிடப் போகிறார்கள். உயிர் தங்கும், பேச்சு தங்காது என்று சொல்லியாகிவிட்டது. அது அப்பாவுக்கும் தெரியும்.

இன்னொன்றுதான் அவருக்குத் தெரியாது. இருபது வருஷத்துக்கு மேலாக அவர் பிரெஞ்சில் குரல் கொடுத்து வருகிற அமெரிக்க நடிகர் ஹார்லன் ப்ரைஸின் புதுப் படத்துக்கு, இந்த வாரம் தம்பி ரெமி குரல் கொடுக்க ஆரம்பித்துவிட்டான். அப்பாவைக் கேட்காமல்.

கேட்காமல் என்பதில்தான் வினையே இருந்தது. டப்பிங் தொழிலில் எழுதி வைக்காத ஒரு சட்டம் உண்டு. ஒரு நடிகருக்கு வழக்கமாகக் குரல் கொடுப்பவர் உயிரோடு இருக்கும்போது அந்த வேலை வேறொருவருக்கு வந்தால், புது ஆள் பழைய ஆளைத் தொலைபேசியில் கூப்பிட வேண்டும். "எனக்கு வந்திருக்கு, எடுத்துக்கட்டுமா?" என்று கேட்க வேண்டும். கம்பெனிக்காரன் முன்பே முடிவு பண்ணிவிட்டாலும் கேட்டே ஆக வேண்டும். பழைய ஆள் "எடுத்துக்கோ" என்பார். வயிறு எரிந்தாலும் அப்படித்தான் சொல்வார். கேட்காமல் எடுத்தவனோடு அப்புறம் ஒருத்தரும் கடையில் சேர்ந்து நின்று காபி குடிக்க மாட்டார்கள்.

அன்னியர்களுக்கே இந்த மரியாதை என்றால், பெற்ற மகன்?

வெள்ளிக்கிழமை காலை சமையலறைக்குள் வந்த ஒதீல் வாசற்படியிலேயே நின்றுவிட்டாள். அப்பா டை கட்டியிருந்தார்.

டை கட்டினால் ஸ்டூடியோ என்று அர்த்தம். இருட்டறையில் மைக்குக்கு முன்னால் நின்று பேசப் போகிறவருக்கு எதற்கு டை என்று அம்மா இருந்தவரைக்கும் கேலி செய்வாள். "ப்ரைஸ் பனியனோட நிக்கட்டும். அவனுக்கு உடம்பு இருக்கு. எனக்குக் குரல் மட்டும்தானே, அதுக்காவது ஒழுங்கா உடுத்தி விடணும்" என்பார் அன்செல்ம்.

அது ஓரளவு உண்மையும்கூட. சினிமாவில் அவர் முகத்தைப் பார்க்காதவர்கள் கிடையாது, பேர் தெரிந்தவர்களும் கிடையாது. எல்லாம் சின்னச் சின்ன வேஷம். நோட்டரி, போலீஸ்காரர், கிராமத்துப் பாதிரியார், ஹோட்டலில் கதாநாயகனுக்குச் சாவி எடுத்துக் கொடுப்பவர். கதவைத் திறப்பார், இரண்டு வார்த்தை பேசுவார், போய்விடுவார். சந்தையில் மீன்காரி அவரை உற்றுப் பார்த்துவிட்டு, "நீங்க எங்க நாத்தனார் கல்யாணத்துக்கு வந்திருந்தீங்கல்ல?" என்று கேட்டிருக்கிறாள். அவரும் பெருந்தன்மையாக ஆமாம் என்று தலையாட்டி, சாப்பாடு நன்றாக இருந்தது என்றும் சொல்லிவிட்டு வந்தார்.

ஆனால் அவர் வாயைத் திறந்துவிட்டால் கதையே வேறு. தபாலாபீஸில் ஸ்டாம்ப் கேட்டால் வரிசை மொத்தமும் திரும்பிப் பார்க்கும். குதிரைமேல் வந்து ஊரைக் காப்பாற்றுகிற ஹார்லன் ப்ரைஸ், தங்களுக்குப் பின்னால் நின்று ஸ்டாம்ப் கேட்கிறாரே என்று.

இந்த வருஷம் கோடையிலிருந்து அந்தக் குரலில் மணல் விழுந்துவிட்டது.

"எங்கே கிளம்பிட்டீங்க?" என்றாள் ஒதீல்.

"உன்கூடத்தான். ஸ்டூடியோவுக்கு."

"பேசவே கூடாதுன்னு டாக்டர் சொல்லியிருக்காரு."

"திங்கக்கிழமைக்கு அப்புறம் சாகற வரைக்கும் பேசப்போறதில்ல. அந்த மனுஷனுக்கு அது பத்தாதாமா?" அவர் தொண்டைக்கு இதமாகத் தைலப்பூண்டு இலை போட்டுக் காய்ச்சிய வெந்நீரை ஒரு வாய் குடித்துக்கொண்டார். "எனக்குத் தெரியும் ஒதீல். ப்ரைஸ் படம் வந்திருக்கு. வாரம் பூரா நீ வசனம் எழுதின மையை விரல்ல வச்சுக்கிட்டு வர்றே. எங்கிட்ட வாயே திறக்கல."

"அப்பா, அது வந்து..."

"ஏன் சொல்லலைன்னும் தெரியும். சொன்னா கிழவன் ஆசைப்பட்டுடுவான்னு பயம் உனக்கு. சரி, ஆசைப்பட்டுட்டேன். முழுப் படமும் வேணாம், என்னால முடியாது. ஒரு சுருள். டைரக்டர் ஃபெரான்கிட்ட சொல்லி ஒரே ஒரு சுருள் வாங்கிக் குடு. முடிச்சுட்டு வந்து நல்ல பிள்ளையா படுத்துக்கறேன்."

இப்போது சொல்லியிருக்கலாம். ரெமி ஏற்கெனவே மூன்று சுருள் முடித்துவிட்டான், மிச்சத்துக்கு இன்றைக்கு மத்தியானம் வருகிறான் என்று ஒரு வரியில் சொல்லியிருக்கலாம். அவர் ஷூவைத் துடைத்துக்கொண்டிருந்தார். அத்தனை சந்தோஷமாக அவரைப் பார்த்து எத்தனையோ வாரம் ஆயிருந்தது. ஒதீல் வாயைத் திறந்தாள், மூடிக்கொண்டாள்.

"ரொட்டி வாங்கிட்டு வந்துடறேன்" என்று கோட்டை மாட்டிக்கொண்டு கீழே இறங்கினாள்.

ரொட்டி வாங்கவில்லை. மூலையிலிருக்கும் புகையிலைக் கடைக்குள் போய், பின்பக்கத் தொலைபேசியிலிருந்து தம்பியைக் கூப்பிட்டாள்.

"அப்பா ஸ்டூடியோவுக்கு வர்றார் ரெமி. டை கட்டியாச்சு."

"நீ சொல்லலையா?" என்றான்.

"நான் ஏன் சொல்லணும்? கேட்க வேண்டியது நீ. இப்பவே வீட்டுக்குக் கூப்பிடு. அவர் கிளம்பறதுக்குள்ள கூப்பிட்டுக் கேளு."

"என்னன்னு கேட்கச் சொல்றே? 'அப்பா, திங்கக்கிழமை உங்க தொண்டைய அறுக்கப்போறாங்களாமே, உங்க வேலைய நான் எடுத்துக்கட்டுமா'ன்னா?"

"ஆமா. அப்படித்தான் கேட்கணும். எல்லாரும் அதைத்தான் கேட்கறாங்க. வார்த்தைய மாத்திப் போட்டுக் கேட்கறாங்க, அவ்வளவுதான்."

"எல்லாரும் அவங்கவங்க அப்பனைக் கேட்கலை அக்கா."

அவன் பக்கத்தில் நியாயம் இல்லாமல் இல்லை. ரெமிக்கு நாற்பது நெருங்குகிறது. நாடகத்துக்குப் போனான், அங்கே நிலைக்கவில்லை. வானொலிக்குப் போனான், "வாலியே மகனா, அப்பா மாதிரியே இருக்கு" என்று சொல்லித் திருப்பி அனுப்பினார்கள். எங்கே போனாலும் தன் தொண்டையில் அப்பா உட்கார்ந்திருக்கிறார் என்று ஒருநாள் குடித்துவிட்டு அழுதிருக்கிறான். கடைசியில் அந்தத் தொண்டைக்கென்றே ஒரு வேலை வந்தது. ஃபெரான் கூப்பிட்டார், அவன் சரி என்றுவிட்டான்.

"ரெமி, அவர் பேச்சோட இருக்கறது இன்னும் ரெண்டு மூணு நாளைக்குத்தான். கேட்டா பதில் சொல்றதுக்கு இப்பதான் அவருக்கு முடியும்."

"யோசிக்கிறேன்" என்று வைத்துவிட்டான்.

யோசிக்கிறேன் என்று சொல்லித் தப்பிக்கிறவனைச் சின்ன வயசிலிருந்து பார்க்கிறாள். ஒதீல் ஒரு ரொட்டியும் இல்லாமல் வீடு திரும்பினாள். அப்பா அதைக் கவனிக்கக்கூட இல்லை.

ஸ்டூடியோ மார்ன் ஆற்றங்கரையில், வீட்டிலிருந்து நடக்கிற தூரம்தான். நவம்பர் குளிர். வழியெல்லாம் அன்செல்ம் கழுத்துத் துணியால் வாயை மூடிக்கொண்டு வந்தார். குரலைச் சேர்த்து வைக்கிறார் என்று ஒதீலுக்குத் தெரிந்தது.

டப்பிங் இயக்குநர் ஃபெரான் வாசலில் அவரைப் பார்த்ததும் வெலவெலத்துப் போனார். பார்வை நேராக ஒதீலிடம் போயிற்று. அவள் தலையை லேசாக ஆட்டினாள். அப்பாவுக்கு இன்னும் தெரியாது என்று அர்த்தம்.

"என்ன ஃபெரான், பேயைப் பார்த்த மாதிரி பார்க்கறீங்க? பேயாகறதுக்கு இன்னும் நாள் இருக்கு" என்றார் அன்செல்ம். "ஒரு சுருள் குடுங்க. இனிமே உங்களைத் தொந்தரவு பண்ணமாட்டேன்."

ஃபெரான் நல்ல மனுஷன், ஆனால் தைரியசாலி என்று யாரும் சொன்னதில்லை. முடியாது என்று சொல்ல அவருக்கு வாய் வரவில்லை. "நாலாவது சுருள் இன்னும் தொடாம இருக்கு" என்று முனகினார்.

தொடாமல் இருப்பது நாலாவது என்றால், தொட்டது மூன்று. அன்செல்ம் அதைக் கவனித்தாரோ இல்லையோ, உற்சாகத்தில் இருந்தார். கோட்டைக் கழற்றி மாட்டிவிட்டு, இடுப்பு உயரத்தில் போட்டிருக்கும் கம்பியைப் பிடித்துக்கொண்டு தன் இடத்தில் நின்றார். விளக்கு அணைந்தது.

திரையில் படம். படத்துக்குக் கீழே எழுத்து நாடா இடப்பக்கமாக நகர்ந்துகொண்டே வரும். அதில் பேச வேண்டிய வசனம் கையெழுத்தில் இருக்கும். திரையில் ஒரு செங்குத்துக் கோடு. எந்த எழுத்து அந்தக் கோட்டைத் தொடுகிறதோ அந்த நொடியில் அந்த எழுத்து வாயில் இருக்க வேண்டும். இழுத்து எழுதியிருந்தால் இழுத்துப் பேச வேண்டும், நெருக்கி எழுதியிருந்தால் நெருக்கி. கல்யாணமாகாமல் அப்பாவோடேயே இருந்துவிட்ட ஒதீலுக்கு அந்த நாடாவை மையால் எழுதுவதுதான் பிழைப்பு.

திரையில் ஹார்லன் ப்ரைஸ் தொப்பியைக் கழற்றிக்கொண்டு ஒரு மேஜைக்கு முன்னால் உட்கார்ந்தபோது ஒதீலுக்குப் பொறி தட்டியது. ஐயோ, புள்ளி.

வாலிப வயசில் நெஞ்சில் நீர் கோத்துப் படுத்ததிலிருந்து அன்செல்முக்கு மூச்சு கொஞ்சம் குட்டை. திரையில் வாய் அசையாத இடமாகப் பார்த்துத் திருட்டுத்தனமாக ஒரு மூச்சு எடுத்துக்கொள்வார். அந்த இடங்களைக் கண்டுபிடித்து, எழுத்துக்கு மேலே சின்னதாக ஒரு புள்ளி வைப்பது ஒதீலின் பழக்கம். வேறு யாருக்கும் வைப்பதில்லை, வேறு யாருக்கும் அது என்னவென்றும் தெரியாது. ரெமிக்கு நல்ல நுரையீரல். இந்தப் படம் முழுக்க அவள் ஒரு புள்ளிகூட வைக்கவில்லை. காலையிலிருந்து என்னென்னவோ கவலைப்பட்டவள் இதை மறந்துபோனாள்.

நாடா ஓடியது. அன்செல்ம் பேசினார். முதல் வரி கரகரப்பாக வந்தது, இரண்டாவது வரியில் பழைய ஆள் எழுந்து நின்றார். ஒலிப்பதிவு அறையில் யாரோ மெதுவாக "அடேயப்பா" என்றார்கள். மூன்றாவது வரி நீளம். நடுவில் அவர் மூச்சுக்காகத் தேடினார். புள்ளி இல்லை. வரி அவரை விட்டுவிட்டு ஓடிப்போயிற்று.

"மன்னிக்கணும். இன்னொரு தடவை" என்றார்.

இன்னொரு தடவையும் அதே இடத்தில் நின்றது. மூன்றாவது தடவை அவர் பேசவே இல்லை. கம்பியைப் பிடித்துக்கொண்டு நாடாவை மட்டும் கடைசி வரைக்கும் பார்த்தார்.

"விளக்கைப் போடுங்க" என்றார்.

விளக்கு வந்தது. அவர் திரும்பவில்லை.

"ஒதீல், இதை யாருக்கு எழுதினே?"

"ரெமிக்கு" என்றாள்.

அன்செல்ம் ஒரு நாற்காலியைத் தேடி உட்கார்ந்தார். கோபப்படுவார் என்று எதிர்பார்த்தாள். கோபம் வந்திருந்தால் தேவலை.

"எத்தனை நாளா?"

"இந்த வாரம் ஆரம்பிச்சது அப்பா. நான் சொல்லணும்னுதான்..."

"நீ எனக்கு எழுதினவ" என்றார் அவர். "வேற யார் சொல்லாம இருந்தாலும் எனக்கு ஒண்ணுமில்ல. நீ சொல்லியிருக்கணும்."

ஒதீலுக்குக் கண்ணில் நீர் முட்டியது.

"ஃபெரான், அவன் பேசினதைப் போடுங்க" என்றார்.

"எதுக்கு அன்செல்ம், இன்னொரு நாளைக்குப் பார்த்துக்கலாமே."

"எனக்கு இன்னொரு நாள் எங்கே இருக்கு? போடுங்க."

இரண்டாவது சுருளைப் போட்டார்கள். ஹார்லன் ப்ரைஸ் வேலியோரமாக நடந்துகொண்டே, செத்துப்போன மனைவியைப் பற்றி யாரிடமோ பேசுகிறார். அவர் வாயிலிருந்து வந்த குரலைக் கேட்டு ஒதீலுக்கு மேலெல்லாம் சிலிர்த்தது. மணல் விழாத, மூச்சு குட்டையாகாத, அம்மா இருந்த காலத்து அப்பா. அன்செல்ம் முழங்கையை முட்டியில் ஊன்றி, குனிந்து தரையைப் பார்த்துக்கொண்டே கேட்டார். படத்தை அவர் பார்க்கவே இல்லை.

சுருள் முடிகிற நேரத்தில் பின்கதவு திறந்தது. ரெமி.

மத்தியானம் வர வேண்டியவன் காலையிலேயே வந்திருக்கிறான். முகத்தில் ரத்தமில்லை. யோசிக்கிறேன் என்று சொன்னவன் இந்தத் தடவை நிஜமாகவே யோசித்திருக்கிறான். அவன் நேராக அப்பாவுக்கு முன்னால் வந்து நின்றான். ஸ்டூடியோவில் இருந்த அத்தனை பேரும் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

"அப்பா, ஃபோன்ல கேட்டிருக்கணும். முன்னாடியே கேட்டிருக்கணும். தைரியம் வரலை. இப்ப கேட்கறேன். ப்ரைஸை நான் எடுத்துக்கட்டுமா?"

எல்லாருக்கும் பதில் தெரியும். அந்தக் கேள்விக்கு ஒரே ஒரு பதில்தான் உண்டு, தொழில் தொடங்கிய நாளிலிருந்து அதுதான். ஃபெரான் முகத்தில் நிம்மதி வரவே ஆரம்பித்துவிட்டது.

"இல்ல" என்றார் அன்செல்ம்.

ரெமி காதில் விழாதவன்போல நின்றான்.

"கேட்டே, சந்தோஷம். நான் இல்லைன்னுட்டேன்."

எழுந்து கோட்டை மாட்டிக்கொண்டார், கழுத்துத் துணியைச் சுற்றிக்கொண்டார், எல்லாருக்கும் ஒரு தலையசைப்பு. கதவு அவருக்குப் பின்னால் தானாக மூடிக்கொண்டது. ஒதீல் பின்னாலேயே ஓடப் போனாள். ரெமி அவள் கையைப் பிடித்தான்.

"நான் விலகிக்கறேன்" என்றான் ஃபெரானிடம்.

"விலகினா படம்? கிறிஸ்துமஸுக்குத் தியேட்டருக்கு வரணும் தம்பி" என்று ஃபெரான் தலையில் கை வைத்துக்கொண்டார். "அப்பா இல்லைன்னா நீ, நீ இல்லைன்னா வேற ஒருத்தன். நான் இன்னிக்கே யாரையாவது தேடணும். ஹார்லன் ப்ரைஸை ஊமையா ஓட்ட முடியாதுல்ல?"

சொன்ன பிறகுதான் என்ன சொன்னோம் என்று அவருக்கு உறைத்தது.

சாயங்காலம் அப்பாவும் மகளும் மேஜையில் உட்கார்ந்தார்கள். பயறும் உப்பிட்ட பன்றிக்கறியும் வேகவைத்திருந்தாள், அவர் விழுங்குவதற்கு வாகாகத் தனியே மசித்து வைத்திருந்தாள். திரும்பி வந்ததிலிருந்து அவர் ஒரு வார்த்தை பேசவில்லை. இவளும் மன்னிப்புக் கேட்க இரண்டு தடவை ஆரம்பித்தாள். கையை உயர்த்தி நிறுத்திவிட்டார்.

ரெமி வந்தான். மணியடிக்காமல் கதவைத் தட்டினான். அன்செல்ம் ஒரு தட்டைக் காட்டினார். அவன் கோட்டோடேயே உட்கார்ந்து சாப்பிட்டான்.

தொலைபேசி அடித்தது.

ஒதீல் நடைக்குப் போய் எடுத்தாள். "காஸ்பார் லொரியோ பேசறேன்மா. அப்பாவைக் கூப்பிட முடியுமா?"

காஸ்பார் என்றால் இந்த வீட்டில் கதவைச் சாத்திக்கொள்வார்கள். அன்செல்முக்கு ப்ரைஸ் கிடைத்த அன்றைக்குக் குரல் தேர்வில் இரண்டாவதாக வந்த மனுஷன். அன்றிலிருந்து பார்த்துக்கொண்டால் தொப்பியைத் தொட்டுக்கொள்வார்கள், அதற்கு மேல் கிடையாது. அன்செல்ம் எழுந்து வந்து வாங்கிக்கொண்டார். அப்பாவின் குரல் அந்தப் பக்கம் கேட்காவிட்டால் எடுத்துச் சொல்லலாம் என்று, ஒதீல் கருவியின் பின்னால் தொங்கும் இரண்டாவது காதுக்குழலைத் தன் காதில் வைத்துக்கொண்டாள்.

"வாலியே, ஃபெரான் என்னைக் கூப்பிட்டிருக்கான்" என்றது காஸ்பாரின் குரல். "ப்ரைஸ் விஷயமா. உன்னைக் கேட்காம நான் கால் வைக்கமாட்டேன். எடுத்துக்கட்டுமா?"

அன்செல்ம் நிமிர்ந்து நின்றார். ஒரு கையால் டையைச் சரிசெய்துகொண்டார்.

"எடுத்துக்கோ காஸ்பார்."

"நிஜமாவா?"

"நிஜமா. நீ நல்லா பண்ணுவே. அவன் கோபத்துல இருக்கறப்ப குரலைத் தாழ்த்திப் பேசுவான், கவனிச்சுக்கோ. மத்தபடி உன் இஷ்டம்."

அத்தனை வார்த்தை பேசியதில் அவருக்கு இருமல் வந்துவிட்டது. காஸ்பார் இருமல் அடங்கும்வரை காத்திருந்தார். "உன் மகளைக் கொஞ்சம் குடு. நாடா விஷயமா ஒண்ணு கேட்கணும்" என்றார். அன்செல்ம் தொலைபேசியை ஒதீலிடம் கொடுத்துவிட்டு மேஜைக்குத் திரும்பினார்.

"உங்கப்பன் பக்கத்துல இருக்கானா?" என்றார் காஸ்பார்.

"இல்ல, சொல்லுங்க."

"கேளு. மத்தியானம் உன் தம்பி பேசின சுருளை ஃபெரான் போட்டுக் காட்டினான். அதுக்கு மேல நான் போய்ப் பேசினா எனக்கே என்னைப் பிடிக்காது. கேட்கவேண்டியது முறை, கேட்டுட்டேன். உங்கப்பன் பெரிய மனசோட குடுத்துட்டான், எனக்கு அது போதும். ஆனா திங்கக்கிழமை நான் போகப்போறதில்ல. ஃபெரானுக்கு வேற ஆள் கிடைக்காது, ரெமியைத்தான் கூப்பிடுவான். உங்கப்பன்கிட்ட இப்ப சொல்லாதே. நிம்மதியா ஆஸ்பத்திரிக்குப் போகட்டும் பாவம்."

வைத்துவிட்டார். ஒதீல் அந்தக் கறுப்புக் கருவியைப் பார்த்துக்கொண்டு நின்றாள்.

சமையலறையில் ரெமி எழுந்துவிட்டிருந்தான்.

"எவனோ ஒருத்தனுக்குக் குடுத்தீங்க. இத்தனை வருஷம் மூஞ்சிகொடுத்துப் பேசாதவனுக்குக் குடுத்தீங்க. எனக்கு இல்லை. ஏன் அப்பா? நான் பேசினது நல்லா இல்லையா?"

"நல்லா இருந்துச்சு" என்றார் அன்செல்ம்.

"அப்புறம்?"

அவர் தட்டை நகர்த்தி வைத்தார். மெதுவாகத்தான் பேசினார், ஆனாலும் ஒவ்வொரு வார்த்தையும் ஒதீல் நின்ற இடம்வரை கேட்டது.

"ரொம்ப நல்லா இருந்துச்சுடா. கண்ணை மூடிக்கிட்டா நான்தான். இன்னும் மூணு நாள்ல எனக்குத் தண்ணி வேணும்னாக்கூடக் கைய ஆட்டித்தான் கேட்கணும். அந்த நிலைமையில ஊரெல்லாம் என் குரல் பேசிக்கிட்டுத் திரியறதை நான் உக்காந்து கேட்கணுமா? காஸ்பார் பேசினா அது காஸ்பார், எனக்கு வலிக்காது. நீ ஞாயித்துக்கிழமை சாப்பிட வருவே, உப்பு எடுங்கன்னு சொல்லுவே. அப்ப நான் உன்னைப் பெத்த பிள்ளையா பார்ப்பேனா, எங்கிட்டருந்து பிடுங்கிட்டுப் போனவனா பார்ப்பேனா? எனக்கே தெரியலை ரெமி. உன்னை வெறுத்துடுவேனோன்னு பயமா இருக்கு. அதான் இல்லைன்னேன்."

ரெமி அழுதான். மறைக்கவும் இல்லை, துடைக்கவும் இல்லை.

"சரிப்பா" என்றான் கடைசியில். "நான் எடுத்துக்கல. சத்தியமா எடுத்துக்கல. நீங்க நிம்மதியா போயிட்டு வாங்க."

அவன் கதவுப் பக்கமாக நடந்தான். அன்செல்ம் நாற்காலியில் சாய்ந்து கண்ணை மூடிக்கொண்டார். பல மாசத்துக்கப்புறம் அவர் முகத்தில் ஒரு அமைதி வந்திருந்தது. எல்லாம் ஒழுங்காக முடிந்தது என்று நினைக்கிற மனுஷனின் முகம்.

"உங்கிட்ட என்னம்மா கேட்டான் காஸ்பார்?" என்றார், கண்ணைத் திறக்காமலே.

ஒதீல் நினைத்துப் பார்த்தாள். ஒன்றுமில்லை என்று சொன்னால் போதும். இந்த மூன்று நாளும் அவர் நிம்மதியாக இருப்பார். திங்கட்கிழமை நிம்மதியாகப் போவார். அப்புறம் ஒருநாள் ஃபெரான் ரெமியைக் கூப்பிடுவார். ரெமி தன் சத்தியத்துக்கும் அந்த வேலைக்கும் நடுவில் தனியே நின்று தவிப்பான். என்ன முடிவெடுத்தாலும் அது அப்பாவின் காதுக்கு வந்தே தீரும். அன்றைக்குச் சம்மதம் சொல்வதற்கும் இல்லை என்பதற்கும் அவருக்குக் குரல் இருக்காது.

காலையில் ஷூ துடைத்துக்கொண்டிருந்தவரின் சந்தோஷத்தைக் கெடுக்க மனம் வராமல் வாயை மூடிக்கொண்டவள்தான் அவள்.

"அவர் எடுத்துக்கப்போறதில்லையாம் அப்பா" என்றாள். "உங்களுக்கு மரியாதைக்காகத்தான் கேட்டாராம். ரெமி பேசினதைக் கேட்டப்புறம் அதைத் தொட மனசில்லைன்னாரு. ஃபெரான் திரும்ப ரெமியைத்தான் கூப்பிடுவாராம். உங்ககிட்ட சொல்லவேணாம்னு சொன்னாரு. நான் சொல்லிட்டேன்."

கதவுக் குமிழில் கை வைத்திருந்த ரெமி அப்படியே நின்றான்.

அன்செல்ம் கண்ணைத் திறந்தார். முகத்திலிருந்த அமைதி போய்விட்டது. மகளை வெகுநேரம் பார்த்தார், பிறகு கதவருகில் நின்ற மகனைப் பார்த்தார்.

"கோட்டைக் கழட்டிட்டு வந்து உக்காரு. பேச்சு இருக்கறப்பவே பேசிடலாம்" என்றார்.